மிச்சிகன் 1901, ஸ்கோர் 550–0: இதை எப்படி வாசிப்பது? மைதானம் எப்படிக் கீறுவது?

உப்புவெளி

ஆகஸ்டில் வருகிற விளையாட்டுக் கண்காட்சிக்கு எங்கட வாசிகசாலையில் ஒரு சுவர்ப்பத்திரிகை போடுகிறோம். ‘ஒரு பெயர், மூன்று ஆட்டம்’ என்று தலைப்பு. நாங்கள் ஆடுகிற உதைபந்தாட்டமும் றக்பியும் எழுதியாயிற்று. மூன்றாவது அமெரிக்கர்களின் ‘புட்போல்’. அதற்கு அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழக அணியின் 1901 பருவகாலத்தை எடுத்திருக்கிறேன். கையில் இருக்கிற ஸ்கோர்கள் இவை:

அல்பியன் 50–0, கேஸ் 57–0, இந்தியானா 33–0, நோர்த்வெஸ்டர்ன் 29–0, பஃபலோ 128–0, கார்லைல் 22–0, ஒஹாயோ ஸ்டேட் 21–0, சிக்காகோ 22–0, பெலாய்ட் 89–0, அயோவா 50–0, ஸ்டான்போர்ட் 49–0.

சிக்கல்கள்:

ஒன்று, மொத்தம் ஓரிடத்தில் 501, இன்னோரிடத்தில் 550. எது சரி?

இரண்டு, ஸ்டான்போர்ட்டுக்கு எதிரான 49ஐ ‘ஏழு டச் டவுன், ஒவ்வொன்றுக்கும் கோல் உதையோடு ஏழு புள்ளி’ என்று எழுதிவிட்டேன். டச் டவுன் என்றால் பந்தை எதிரணியின் கோல் கோட்டுக்கு அப்பால் கொண்டுபோய் நிலத்தில் வைப்பது. ஏழேழு நாற்பத்தொன்பது. சரிதானே?

மூன்று, இதே அணி 1905இல் 2–0 என்று தோற்றிருக்கிறது. இரண்டு புள்ளி எங்கிருந்து வரும்?

நான்கு, பிள்ளைகளை வைத்துப் பத்து நிமிடம் ஆடிக் காட்டவும் யோசனை. மைதானத்தில் இருப்பது நம்முடைய உதைபந்துக் கோடுகளும் கோல்களும் மட்டும்தான். அதற்குள் அந்தக் காலத்து அமெரிக்க மைதானம் அடங்குமா?

பழைய விசில்

501ம் சரி, 550ம் சரி. செப்டெம்பர் 28 முதல் நவம்பர் 28 வரை பத்து ஆட்டம், அதில் 501. பதினோராவது ஆட்டம் 1902 ஜனவரி 1 அன்று கலிபோர்னியாவின் பசடீனாவில் ஸ்டான்போர்ட்டோடு நடந்தது. அந்த 49ஐயும் சேர்த்தால் 550. புத்தாண்டு அன்று ஆடினாலும் அது 1901 பருவகாலத்துக் கணக்கில்தான் சேரும். தலைப்பில் 550 போட்டு, கடைசி ஆட்டத்துக்குப் பக்கத்தில் திகதியை எழுதிவிடுங்கள், கேள்வி வராது.

அந்தக் கடைசி ஆட்டத்தைத்தான் முதல் ரோஸ் பௌல் (பசடீனாவின் புத்தாண்டுப் போட்டி) என்கிறார்கள். ஆனால் அந்தப் பெயருள்ள அரங்கு 1922இல் கட்டியது. அரங்கின் படத்தைத் தேடி எடுத்து இந்த ஆட்டத்துக்குக் கீழே ஒட்டிவிடாதீர்கள்.

இனி 49. ஏழேழு நாற்பத்தொன்பது வாய்ப்பாட்டில் சரி, 1901இல் பிழை. அப்போது டச் டவுனுக்கு 6 புள்ளி கிடையாது, 5தான். புள்ளி மாறிய விதம் இது:

1898 முதல் 1903 வரை: டச் டவுன் 5, அதற்குப் பின் அடிக்கிற கோல் உதை 1, பீல்ட் கோல் (ஆட்டத்தின் நடுவே பந்தைக் கோல் கம்புக்கு மேலால் உதைத்து அனுப்புவது) 5, சேப்டி (பந்தோடு தன் கோல் கோட்டுக்குப் பின்னால் அகப்படுவது, புள்ளி எதிரணிக்கு) 2.
1904 முதல் 1908 வரை: பீல்ட் கோல் 4 ஆனது. மற்றவை அப்படியே.
1909 முதல் 1911 வரை: பீல்ட் கோல் 3. டச் டவுன் இன்னும் 5.
1912 முதல்: டச் டவுன் 6.

ஸ்டான்போர்ட் ஆட்டத்தில் மிச்சிகன் அடித்தது எட்டு டச் டவுன், நான்கு கோல் உதை, ஒரு பீல்ட் கோல். 40, 4, 5. கூட்டினால் 49. உங்கள் ஏழு டச் டவுன் கணக்கு தற்செயலாகப் பொருந்தியதால்தான் சந்தேகம் வரவில்லை. இந்தக் காலத்து ஸ்கோர்களில் நிறையப் பேர் விழுகிற குழி இது.

எட்டு டச் டவுனுக்கு நான்கு கோல் உதைதானா, அவ்வளவு மோசமா என்று பிள்ளைகள் கேட்பார்கள். இப்போது போல உதையை நடுவில் வைத்து அடிக்க முடியாது. பந்தைக் கோல் கோட்டுக்கு அப்பால் எந்த இடத்தில் நிலத்தில் வைத்தார்களோ, அந்த இடத்துக்கு நேரே மைதானத்துக்குள் கொண்டுவந்துதான் அடிக்கவேண்டும். கம்பத்துக்கு நடுவே போய் வைத்தால் உதை லேசு. மூலையில் வைத்தால் பக்கவாட்டுக் கோணம், எவ்வளவு பின்னால் போனாலும் கம்பங்களுக்கிடையே வாய் சின்னதாகத்தான் தெரியும். றக்பி பார்த்தவர்களுக்கு இது உடனே விளங்கும்.

கோணம் மோசமானால் இன்னொரு வழி இருந்தது. டச் டவுன் வைத்த இடத்தருகே கோல் கோட்டில் நின்று ஒருவர் பந்தைக் கையிலிருந்து உதைத்து மைதானத்துக்குள் அனுப்புவார். தன் அணிக்காரர் ஒருவர் அதை நிலத்தில் விழாமல் பிடிக்கவேண்டும். பிடித்தால் அந்த இடத்திலிருந்து கோலுக்கு அடிக்கலாம். தவறவிட்டால் அந்த ஒரு புள்ளிக்கான வாய்ப்பே போச்சு.

கணக்குப்பிள்ளை

பழைய விசில் தந்த பட்டியலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஸ்கோரைச் சரிபார்க்க ஒரு வழி. அந்த ஆண்டின் புள்ளிகளால் கூட்டிவர முடியாத எண் வந்தால் ஆண்டு பிழை, அல்லது எண் பிழை.

1898 முதல் 1908 வரை ஓர் அணிக்கு 3 புள்ளி என்று கண்டால் நம்பாதீர்கள். 5, 6, 4, 2 எதைக் கூட்டினாலும் 3 வராது. 1910இல் 3–0 சாதாரணம், ஒரு பீல்ட் கோல். 4–0 என்றால் 1904–1908 காலத்தில் அநேகமாக ஒரு பீல்ட் கோல். அதே 4–0 1901இல் வந்தால் இரண்டு சேப்டி என்பதைத் தவிர வேறு வழியில்லை. 5–0 என்பது 1901இல் டச் டவுனாகவும் இருக்கலாம், பீல்ட் கோலாகவும் இருக்கலாம். ஸ்கோரை மட்டும் பார்த்து எதுவென்று எழுதிவிடக் கூடாது.

உங்கள் பட்டியலிலேயே பாருங்கள், 22 இரண்டு தடவை வருகிறது. நான்கு ஐந்து இருபது, மிச்சம் 2. அந்த 2 இரண்டு கோல் உதையா, ஒரு சேப்டியா என்று எண் சொல்லாது. ஆகவே ‘சிக்காகோவுக்கு எதிராக நான்கு டச் டவுன்’ என்று நீங்களாகப் பிரித்து எழுதாமல் 22–0 என்று விட்டுவிடுவது மேல். ஸ்டான்போர்ட் ஆட்டத்துக்கு மட்டும் பிரிப்பைப் போடுங்கள்.

1912க்குப் பிறகு கணக்கு நமக்குப் பழக்கமான பக்கம் வருகிறது. 1916 ஒக்டோபர் 7 அன்று ஜோர்ஜியா டெக் கம்பர்லண்ட் அணியை 222–0 என்று அடித்தது. 32 டச் டவுன், 30 கோல் உதை. 192ம் 30ம் 222. சுவர்ப்பத்திரிகையில் இதை ஒரு கட்டத்துக்குள் போட்டால் பிள்ளைகள் தாங்களே பெருக்கிப் பார்ப்பார்கள்.

இன்னொன்று. ‘இன்றைய கணக்கில் 55–0’ என்று மாற்றி எழுதுகிற ஆசை வரும். எட்டாறு 48, அதோடு 4, 3, மொத்தம் 55தான். ஆனால் அதைப் பெரிய எழுத்தில் போட்டால் அடுத்த முறை யாராவது அதையே உண்மை ஸ்கோராகத் தூக்கிக்கொண்டு போவார்கள்.

அளவுநாடா

மைதானத்துக்கு வருகிறேன். 1901 மைதானம் 330 அடி நீளம், 160 அடி அகலம். மீற்றரில் 100.58, 48.77. முழு அளவு உதைபந்து மைதானம் 105க்கு 68 என்றால் அதற்குள் தாராளமாக அடங்கும். இரண்டு தலைப்பிலும் 2.2 மீற்றர், இரண்டு பக்கத்திலும் 9.6 மீற்றர் மிஞ்சும். வேடிக்கை என்னவென்றால், 1912க்குப் பிந்திய மைதானம் அடங்காது. அந்த ஆண்டில் நீளத்தை 110 யாரிலிருந்து (ஒரு யார் மூன்றடி) 100 யாராகக் குறைத்தார்கள், ஆனால் இரு தலைப்பிலும் 10 யார் இறுதிப் பகுதி சேர்த்தார்கள். மொத்தம் 120 யார், 109.73 மீற்றர். ‘மைதானம் சுருங்கியது’ என்று வாசித்துவிட்டு நாடாவை எடுத்தால் நாலேமுக்கால் மீற்றர் வெளியே போய் நிற்கும்.

கண்காட்சிக்கு முழு அளவு தேவையில்லை. 5 யாருக்கு ஒரு குறுக்குக் கோடு. இரண்டு கோல் கோடுகளையும் சேர்த்து 23 கோடு, ஒவ்வொன்றும் 160 அடி. அதோடு இரண்டு பக்கக் கோடு. கூட்டினால் 4,340 அடி, அதாவது 1.3 கிலோமீற்றர் சுண்ணாம்புக் கோடு. பாதி அளவில் போடுங்கள்: 165 அடிக்கு 80 அடி, ஏழரை அடிக்கு ஒரு கோடு. அதுவே 2,170 அடி வருகிறது.

இந்தக் குறுக்குக் கோடுகளை விட்டுவிடக் கூடாது. இறைச்சி வாட்டுகிற கம்பித் தட்டுப் போல இருப்பதால்தான் அந்த மைதானத்துக்கே ‘கிரிட்அயன்’ என்று பெயர் வந்தது. தூரத்தில் நின்று பார்க்கிற ஆளுக்கு இது வேறு ஆட்டம் என்று முதலில் காட்டுவதும் அந்தக் கோடுகள்தான்.

கீறுகிற முறை. ஒரு பக்கத்து உதைபந்துக் கோலை அப்படியே பயன்படுத்தலாம், ஏனென்றால் 1901இல் கோல் கம்பம் கோல் கோட்டின் மேலேயே நின்றது. பின்னுக்கு நகர்த்தியது 1927இல். ஆகவே இருக்கிற கோல் கோடுதான் உங்கள் முதல் கோடு. கோலின் நடுவைக் குறித்து இரு பக்கமும் 40 அடி அளந்து முளை அடியுங்கள்.

மூலை சதுரமாக வர 30, 40, 50 அடி முக்கோணம் போடுங்கள். கோல் கோட்டில் முளையிலிருந்து 30 அடி, பக்கக் கோட்டில் 40 அடி, இரண்டுக்கும் இடையே சரியாக 50 வரும்வரை பக்கக் கயிற்றை ஆட்டவேண்டும். 3, 4, 5 அடியில் போட்டால் வேலை கெதியாக முடியும், ஆனால் அரை அங்குலப் பிழைகூட 165 அடிக்கு அப்பால் ஒரு முழத்துக்கு மேல் விலகும். நான்கு முளையும் அடித்த பிறகு மூலைவிட்டம் இரண்டையும் அளவுங்கள். இரண்டும் 183 அடி நாலரை அங்குலம் வரவேண்டும். சமமாக வராவிட்டால் கோடு போட ஆரம்பிக்க வேண்டாம்.

ஏழரை அடியைக் கோட்டுக்குக் கோடு அளந்து போகாதீர்கள். ஒவ்வொரு தடவையும் ஓர் அங்குலம் தவறினால் 22 இடைவெளியில் இரண்டடி போய்விடும். நாடாவை முழுதாக இழுத்து வைத்து 7½, 15, 22½ என்று தொடர்ச்சியாகக் குறியுங்கள். 100 அடி நாடா என்றால் 90இல் நிறுத்தி அங்கே முளை அடித்து மறுபடி பூச்சியத்திலிருந்து தொடங்குங்கள். 100 ஏழரையால் பிரிபடாது, 90 பிரிபடும். அந்த 90க்குப் பிறகு மிச்சம் 75, அதுவும் பிரிபடும்.

கோல். நம்முடையது 24 அடி அகலம், 8 அடி உயரம். அவர்களுடையது 18 அடி 6 அங்குல அகலம், குறுக்குக் கம்பு 10 அடி உயரத்தில், நிமிர்ந்த கம்பங்கள் 20 அடிக்கு மேல். பந்து கம்புக்கு மேலால் போகவேண்டும். இருக்கிற கோலின் இரு கம்பத்திலிருந்தும் 2 அடி 9 அங்குலம் உள்ளே தள்ளி இரண்டு மூங்கிலை நிமிர்த்திக் கட்டினால் நடுவே சரியாக 18 அடி 6 அங்குலம் நிற்கும். குறுக்குக் கம்பு மட்டும் இரண்டடி குறைவு. பிள்ளைகள் அடிப்பதற்கு அது நல்லதுதான், பக்கத்தில் ஒரு அட்டையில் எழுதிவிடுங்கள். மூங்கிலின் அடி நிலத்தில் ஊன்றி, குறுக்குக் கம்போடு கயிற்றால் கட்டவேண்டும். ஆணி அடித்தால் மைதானக்காரர் சும்மா விடமாட்டார். வலையைக் கழற்றிவிடுங்கள், ஓடிவருகிற பிள்ளையின் கால் அதில்தான் சிக்கும்.

கம்பம் கோல் கோட்டில் நிற்பதால் ஓடிவருகிறவன் நேரே மோதுவான். மூங்கிலையும் கோல் கம்பத்தையும் தும்பு மெத்தையால் தோள் உயரத்துக்குச் சுற்றிக் கட்டாமல் ஆட்டத்தைத் தொடங்காதீர்கள்.

சுண்ணாம்பைத் தூளாகப் போட்டால் ஆகஸ்டில் கச்சான் காற்று மத்தியானத்துக்குள் துடைத்துவிடும். நீற்றின சுண்ணாம்பைத் தண்ணீரில் தோசைமாப் பதத்துக்குக் கரைத்து, வாய் ஒடுக்கமான பூவாளியாலோ பழைய கேத்தலாலோ கயிற்றை ஒட்டி ஊற்றுங்கள். நீற்றாத சுண்ணாம்பு வேண்டவே வேண்டாம், தண்ணீர் பட்டதும் கொதிக்கும், கண்ணில் பட்டால் கண் போய்விடும். பிள்ளைகள் விழுந்து புரளப்போகிற நிலம் அது.

உப்புவெளி

49ஐத் திருத்திவிட்டேன். 22ஐயும் பிரிக்காமல் விட்டாயிற்று. பாதி அளவு மைதானம்தான் நமக்குத் தோது.

2–0 பற்றி இன்னும் விளங்கவில்லை. ஆடிக் காட்டுவதற்கு எந்தப் பந்து? கடையில் இருக்கிற இன்றைய அமெரிக்கப் பந்தை எடுப்பதா? பிள்ளைகளுக்கு என்ன விதி சொல்லிக் கொடுப்பது? முன்னால் பந்தை எறிகிற காட்சிதான் எல்லாரும் தொலைக்காட்சியில் பார்த்தது, அதை வைக்கலாமா?

பழைய விசில்

எறிதல் வேண்டாம். முன்னோக்கி எறிவது சட்டமானது 1906இல். 1901இல் அப்படி எறிந்தால் அது குற்றம். பக்கமாகவோ பின்னாகவோ கொடுக்கலாம், றக்பி போல. எறிகிற காட்சியை வைத்தீர்கள் என்றால் விபரம் தெரிந்த ஓர் ஆள் வந்து முழுச் சுவர்ப்பத்திரிகையையும் சந்தேகப்படுவார்.

முதலில் 2–0. 1905 நவம்பர் 30, சிக்காகோவில், சிக்காகோ பல்கலைக்கழக அணியோடு. சிக்காகோ உயர உதைத்த பந்தை மிச்சிகன் ஆட்டக்காரர் ஒருவர் தன் கோல் கோட்டுக்குப் பின்னால் நின்று எடுத்தார். எதிரி உதைத்து வந்த பந்தை அங்கேயே நிலத்தில் வைத்திருந்தால் புள்ளி எதுவும் இல்லை, ஆட்டம் 25 யார் பக்கம் போய் மிச்சிகனின் பந்தாகவே தொடர்ந்திருக்கும். அவர் அதை எடுத்துக்கொண்டு வெளியே ஓட முயன்றார். கோட்டைத் தாண்டி வந்தவரைச் சிக்காகோ ஆட்களிருவர் பிடித்து மறுபடி கோட்டுக்குப் பின்னால் தள்ளி விழுத்தினார்கள். பந்தோடு தன் கோட்டுக்குப் பின்னால் எதிரி கையில் அகப்பட்டால் அது சேப்டி, எதிரணிக்கு 2. வேறு புள்ளியே இல்லாமல் ஆட்டம் முடிந்தது.

அந்த 2 சின்ன எண் இல்லை. 1901இலிருந்து அந்த நாள் வரைக்கும் மிச்சிகன் 56 ஆட்டம் தோற்கவில்லை. ஐந்து பருவகாலத்தில் அடித்தது 2,821 புள்ளி, வாங்கியது 42. 1905இல் மட்டும் 495 அடித்து, வாங்கியது இந்த 2 மட்டும்தான். சுவர்ப்பத்திரிகைக்கு 550–0ஐயும் 495–2ஐயும் பக்கத்தில் பக்கத்தில் போட்டுப் பாருங்கள், இரண்டாவதைத்தான் சனம் நின்று வாசிக்கும்.

பந்துக்கு இன்றைய அமெரிக்கப் பந்து சரிவராது. அது எறிவதற்காக ஒடுக்கி நீட்டிய பந்து. அந்தக் காலத்துப் பந்து பருத்தது, 1912 விதியில் குறுக்குச் சுற்றளவு 22½ முதல் 23 அங்குலம். சாதாரண றக்பிப் பந்து அதற்குக் கிட்ட வரும். முனை மொட்டையாக இருந்ததால் நிலத்தில் விழவிட்டு எழும்பும்போது அடிக்கிற உதைக்கு அது நன்றாகப் பொருந்தியது. பீல்ட் கோல் பெரும்பாலும் அப்படித்தான் அடித்தார்கள். இன்றைய கூர்ப்பந்தை விழவிட்டால் எந்தப் பக்கம் துள்ளும் என்று சொல்லேலாது.

பிள்ளைகளுக்கு விதி. பதினொரு பேர் ஒரு பக்கம். மூன்று முறையில் 5 யார் முன்னேறவேண்டும், முன்னேறினால் மறுபடி மூன்று முறை, இல்லாவிட்டால் நிற்கிற இடத்திலேயே பந்து எதிரிக்கு. உங்கள் பாதி அளவில் அது ஏழரை அடி, ஒரு கட்டம். ஏழரை அடிக் கயிற்றின் இரண்டு முனையிலும் தடி கட்டி, பக்கக் கோட்டில் இரண்டு பேர் பிடித்து நின்றால் அளக்கிற காட்சியும் கிடைக்கும். இன்று தொலைக்காட்சியில் பார்க்கிற நான்கு முறை, 10 யார் என்பது 1912இல் வந்தது.

நடுவில் நிற்பவர் குனிந்து பந்தைப் பின்னுக்குக் கொடுப்பார். அதை முதலில் வாங்குகிறவர் தானே முன்னால் ஓடக் கூடாது, இன்னொருவருக்குக் கொடுக்கவேண்டும். இதைப் பிள்ளைகள் மறந்து முதல் ஆளே பாய்ந்து ஓடுவார்கள். ஒத்திகையில் இதை மட்டும் பத்துத் தடவை செய்யவையுங்கள். மூன்றாவது முறையிலும் தூரம் வராது என்று தெரிந்தால் பந்தை எட்ட உதைத்துவிடுவார்கள். அந்த உதை இல்லாத ஆட்டம் 1901 ஆட்டம் மாதிரி இருக்காது, ஒரு பக்கத்துக்கு இரண்டு உதையாவது வையுங்கள்.

பிடித்து விழுத்துவது வேண்டாம். இடுப்பில் இரண்டு பக்கமும் துணிப்பட்டி செருகி, ஒன்றை உருவினால் ஓட்டம் நின்றது என்று வையுங்கள். பந்து வைத்திருப்பவனைக் கூட்டாளிகள் பின்னால் தள்ளுவதும் முன்னால் இழுப்பதும் அந்தக் காலத்தில் நடந்த காரியம்தான், ஆனால் காட்டவேண்டாம். ஆள்மேல் ஆள் விழுகிற அந்தக் கூட்டத் தள்ளல்தான் உயிரை எடுத்தது. 1905 ஒக்டோபர் 9 அன்று ஜனாதிபதி தியடோர் ரூஸ்வெல்ட் ஹாவர்ட், யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்கு அழைத்துப் பேசினார். அந்தப் பருவகாலம் முடிவதற்குள் இறந்தவர்கள் பதினெட்டுக்குக் குறையாது. அடுத்த ஆண்டே விதி மாறியது. மூன்று முறையில் 10 யார் போகவேண்டும் என்றானபோது வெறும் தள்ளலால் தூரம் எடுக்கேலாமல் போனது. இரண்டு வரிசைக்கும் நடுவே பந்தின் நீளத்துக்கு இடைவெளி விட்டார்கள். முன்னோக்கி எறியவும் விட்டார்கள். மைதானத்தை அகலமாக்குகிற யோசனையும் இருந்தது. ஹாவர்ட்டின் கொங்கிறீட் அரங்கு 1903இல் கட்டி முடிந்திருந்தது, அதை இடித்து விரிக்க முடியாது. ஆட்டத்தைப் பரத்துவதற்கு எறிதல்தான் மிஞ்சியது.

அளவுநாடா

1906 என்று யாராவது கீறப் போனால் இன்னொரு வில்லங்கம். எறிகிற பந்து நடுவிலிருந்து 5 யாருக்கு அப்பால்தான் கோட்டைக் கடக்கவேண்டும் என்ற விதியால், நீளவாக்கிலும் 5 யாருக்கு ஒரு கோடு போட்டார்கள். மைதானம் தாயக்கட்டம் மாதிரி ஆகிவிட்டது. 1910இல் அதை விட்டார்கள். அந்தக் காலத்துப் புகைப்படத்தில் சதுரம் சதுரமாகக் கோடு தெரிந்தால் அது 1901க்குப் பிந்திய, 1910க்கு முந்திய படம். 1901 பக்கத்தில் ஒட்டாதீர்கள்.

எழுத்துப்பிழை

சொல்லைப் பற்றி இரண்டு விஷயம்.

‘கல்லூரி உதைபந்தாட்டம்’ என்று தலைப்புப் போட்டால் திருகோணமலையில் எல்லாரும் பாடசாலை அணி என்றுதான் நினைப்பார்கள். நமக்குக் கல்லூரி என்றால் இந்துக் கல்லூரி, சூசையப்பர் கல்லூரி. ‘பல்கலைக்கழக அணி’ என்று எழுதுங்கள். அவர்களின் பட்டியலில் இருக்கிற அல்பியன், பெலாய்ட் இரண்டும் சின்னப் பட்டக் கல்லூரிகள். 89–0க்கு ஒரு காரணம் அதுவும்தான் என்று ஒரு வரி சேர்த்தால் நியாயமாக இருக்கும்.

அடுத்தது ‘யார்’. ‘மூன்று முறையில் ஐந்து யார் போகவேண்டும்?’ என்று கேள்விக்குறியோடு ஒரு பிள்ளை வாசித்தால் சிரிப்பாகிவிடும். நூறு யார் ஓட்டம் ஓடின தலைமுறைக்கு விளங்கும், பிள்ளைகளுக்கு விளங்காது. முதல் தடவை ‘யார், அதாவது மூன்றடி’ என்று போட்டு, பிறகு அடியிலேயே எழுதுங்கள். 5 யார் 15 அடி, 110 யார் 330 அடி. அளவுநாடாவும் அடியில்தான் பேசுகிறார்.

‘அமெரிக்கச் சம்பியன் 1901’ என்று போட யோசித்திருந்தால் வேண்டாம். சம்பியனைத் தீர்மானிக்கிற இறுதிப் போட்டி அப்போது கிடையாது. பத்திரிகையாளர் வாக்கெடுப்பே 1936இல்தான் தொடங்கியது. 1901க்கு மிச்சிகன் பெயரைப் பிற்காலத்தில் பின்னோக்கிப் பார்த்துக் கொடுத்தார்கள். ‘ஒரு புள்ளிகூடக் கொடுக்காத அணி’ என்பதே போதும்.

இடம் மிஞ்சினால் 1903 மினசோட்டா ஆட்டத்தைச் சேர்க்கலாம். 6–6, வெற்றி தோல்வி இல்லை. அந்தப் பருவகாலம் முழுக்க மிச்சிகன் கொடுத்த 6 புள்ளியும் அந்த ஒரே ஆட்டத்தில்தான். மிச்சிகன்காரர் தண்ணீர் கொண்டுபோன சாடியை அங்கே மறந்துவிட்டு வந்தார்கள். அந்தச் சாடிதான் இன்றைக்கும் இரண்டு அணிக்கும் இடையிலான கேடயம்.

உப்புவெளி

சாடி நல்லாயிருக்கு, படமாகக் கீறிவிடலாம். மிச்சம் ஒன்றுதான். முதல்நாள் பின்னேரமே கயிறு கட்டிக் கோடு போட்டு வைத்தால் காலையில் வேலை மிச்சம். மைதானம் திருகோணமலைக் கோட்டைப் பக்கம். கயிற்றை இரவு அப்படியே விடலாமா?

அளவுநாடா

விடவேண்டாம். இருட்டினதும் மான் இறங்கி வரும். முழங்கால் உயரத்தில் கட்டின கயிற்றில் கொம்பு மாட்டினால் முளையும் போகும், மானுக்கும் காயம். பின்னேரம் நான்கு மூலை முளையையும் 90 அடி முளைகளையும் நிலமட்டத்துக்கு அடித்துத் தாழ்த்தி, தலையில் சிவப்புப் பூச்சு ஒரு பொட்டு வையுங்கள். கோடு போட்டு முடிந்ததும் கயிறு முழுவதையும் சுருட்டி எடுத்துவிடுங்கள். கரைத்து ஊற்றின சுண்ணாம்பு இரவில் இறுகிவிடும், மான் மிதித்தாலும் ஓரம்தான் உதிரும். காலையில் உதிர்ந்த இடத்துக்கு மட்டும் கேத்தலோடு ஓர் ஆள் போனால் போதும். மூங்கிலையும் தும்பு மெத்தையையும் காலையிலேயே கட்டுங்கள், பனியில் நனைந்த மெத்தை பாரத்தில் கீழே சரிந்துவிடும்.